ஏழாவது நிறுத்தத்து ராணி

இந்த வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்கள் ஒவ்வொருவர் கையிலும் ஒரு தாள் கொடுத்திருப்பார்கள். கோட்டை நடையில் எங்கெங்கே நிற்பது, எங்கே எத்தனை நிமிடம் பேசுவது என்று அதில் வரிசையாக இருக்கும். அடிவாரத்துப் பீரங்கி, குதிரை லாயம், வெடிமருந்துக் கிடங்கு என்று போய், ஏழாவது நிறுத்தத்தில் 'ராணி செங்கமலம் குதித்த இடம்' என்று போட்டிருக்கும். அந்த ராணியை எனக்கு நன்றாகத் தெரியும். அவளை உண்டாக்கியதே நான்தான்.

இதை மன்னிப்புக் கேட்க எழுதவில்லை. கேட்க வேண்டியவளிடம் அன்றைக்கே கேட்டாகிவிட்டது, அவள் இன்னும் கொடுக்கவில்லை. நீங்கள் அந்தத் தாளை அப்படியே ஒப்பிக்கக் கூடாது என்பதற்காக எழுதுகிறேன். சிலருக்குக் கோபம் வரும். வரட்டும். எனக்கு வயதாகிவிட்டது, என்னிடமிருந்து பிடுங்க வேண்டியதையெல்லாம் முன்பே பிடுங்கிவிட்டார்கள்.

என் பெயர் எஸ்தர். ரிஷிவந்தியம் பக்கத்தில் பிறந்தவள். அப்பா அம்மா கரும்பு வெட்டப் போனவர்கள், நான் படித்துவிட்டுக் கள்ளக்குறிச்சியில் ஒரு சுற்றுலா நிறுவனத்தில் கைடாகச் சேர்ந்தேன். வருகிறவர்களுக்கு முதல் நாள் கோட்டை நடை. மறுநாள் ஜீப்பில் ஏற்றி வெள்ளிமலைக்குக் கூட்டிப்போவோம். கோட்டை எந்த ஊரில் என்று எழுதமாட்டேன். உங்களுக்குத் தெரியும், அதுவே போதும். இந்தக் கதையில் வருகிற பெரிய மனிதர்கள் இன்னமும் நான் டீ குடிக்கிற கடையில்தான் டீ குடிக்கிறார்கள்.

நான் சேர்ந்த காலத்தில் கோட்டைக்குக் கூட்டம் நிற்காது. இங்கிலீஷ்காரன், பிரெஞ்சுக்காரன், மைசூர்ப் படை என்று ஆளுக்கொரு முறை பிடித்த கோட்டை என்று உயிரைக் கொடுத்துச் சொல்வேன். பாதிப் படியிலேயே தண்ணீர் பாட்டிலைக் காலிசெய்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். நிறுவன முதலாளி என்னைக் கூப்பிட்டு, இன்னொரு கூட்டம் பாதியில் திரும்பினால் கோட்டையை எடுத்துவிட்டு நேராக மலைக்கு வண்டியை விட்டுவிடப் போவதாகச் சொன்னார். மலைக்கு வெள்ளிமலைப் பையன்களே போதும். என் வேலை கோட்டையில்தான் இருந்தது.

அதற்கடுத்த வாரம் சென்னையிலிருந்து ஓய்வுபெற்ற வங்கிக்காரர்கள் வந்தார்கள். சித்திரை வெயில். அந்த மலைப் படிகளில் நிழல் இருக்கிற இடம் ஒன்றே ஒன்றுதான். பாதி வழியில் கொத்தளத்துச் சுவரைப் பிளந்துகொண்டு ஒரு இச்சிமரம் நிற்கும். அங்கே உட்கார்ந்ததும் ஒருவர் வேர்வையைத் துடைத்துக்கொண்டு, "மேடம், எல்லாக் கோட்டையிலயும் இதே கதைதான் சொல்றாங்க. இங்க ஸ்பெஷலா என்ன இருக்கு?" என்றார். மற்றவர்கள் செருப்பைச் சரிசெய்துகொண்டு கீழே பார்க்க ஆரம்பித்தார்கள்.

"இங்கிருந்துதான் ராணி குதிச்சாங்க" என்றேன்.

எப்படி வாயில் வந்தது என்று எனக்கே தெரியாது. அத்தனை பேரும் செல்போனை வெளியே எடுத்தார்கள். "எந்த ராணி?" என்று ஒரு அம்மா கேட்டார். படியில் அப்போது தலையில் கூடையும் முழங்காலில் ஒரு கையுமாக வெள்ளரிக்காய் விற்கும் செங்கமலம் ஏறி வந்துகொண்டிருந்தாள். கோட்டை அடிவாரத்தில் சுவரை ஒட்டிய ஒன்பது வீடுகளில் ஒன்று அவளுடையது. அவளைப் பார்த்துக்கொண்டே, "ராணி செங்கமலம்" என்றேன்.

மீதிக் கதை தானாக வந்தது. வாசலை எதிரிப்படை உடைத்துவிட்டது. ராணி கஜானாச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு இந்தக் கொத்தளத்திலிருந்து கீழே இருந்த குளத்தில் குதித்தாள். சாவி இன்றுவரை கிடைக்கவில்லை. அன்றைக்கு ஒருவர்கூடப் பாதியில் இறங்கவில்லை. உச்சிவரை ஏறி, அங்கிருந்து கல்வராயன் மலையைப் பார்த்து, அந்தச் சாவியைப் பற்றியே பேசிக்கொண்டு இறங்கினார்கள்.

வெட்கமாக இருந்ததா என்று கேட்பீர்கள். இல்லை, பெருமையாக இருந்தது. அடுத்த நடையில் அவளுக்குப் பச்சைப் பட்டு உடுத்தினேன். அதற்கடுத்ததில் ஒரு குதிரை கொடுத்தேன். சொல்லச் சொல்ல அவள் முகம்கூட எனக்குத் தெரிய ஆரம்பித்தது. மற்ற கைடுகளும் எடுத்துக்கொண்டார்கள். யாரோ இச்சிமரத்தில் மஞ்சள் துணி கட்டினார்கள், யாரோ வளையல் மாட்டினார்கள். செல்போன் வரைபடத்தில் ராணி குதித்த இடம் என்று வந்தது. பிறகு பலகையே வைத்துவிட்டார்கள்.

ராணிக்கு நேரம் போதாமல் போனபோது நான் ஒரு நிறுத்தத்தை வெட்டினேன். கடைத்தெருவில் பழைய சாவடிச் சுவரில் ஒரு கல் பதித்திருக்கிறது, பார்த்திருப்பீர்கள். இந்த ஊரிலிருந்து முதல் உலக யுத்தத்துக்கு இத்தனை பேர் போனார்கள், இத்தனை பேர் உயிரைவிட்டார்கள் என்று இங்கிலீஷில் வெட்டிய கல். பெயர்கள் கிடையாது, எண்ணிக்கை மட்டும்தான். முன்பெல்லாம் நடையை அங்கேதான் தொடங்குவேன். யாரும் அதைப் படம் எடுத்ததில்லை. அந்த நிறுத்தத்தை எடுத்ததைப் பற்றி ஒருவரும் கேட்கவும் இல்லை.

பதினொரு வருடம் இப்படிப் போயிற்று. ஊரில் பெரிய நிலக்காரர் ஒருவர், அந்த ராணி தன் கொள்ளுப்பாட்டிக்குப் பாட்டி என்று சொல்ல ஆரம்பித்தார். நான் சிரித்துக்கொண்டு தலையாட்டினேன். அந்தத் தலையாட்டலை இன்றைக்கு நினைத்தாலும் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது. அவர் தலைமையில் ஒரு குழு அமைந்தது. குழு மனுக் கொடுத்தது.

ஒரு நாள் பதினொரு மணி வெயிலில் செங்கமலம் என் வீட்டு வாசலில் வந்து நின்றாள். கையில் ஒரு பிளாஸ்டிக் கவர், அதற்குள் ரேஷன் கார்டும் மடித்த காகிதங்களும். மேலே இருந்த நோட்டீஸை எடுத்து நீட்டினாள்.

"கைடம்மா, இத கொஞ்சம் படிச்சி சொல்லுங்க. வூட்ட பத்தி இன்னாமோ போட்டுக்குதுன்னு சொல்றாங்க."

படித்தேன். ராணி செங்கமலம் நினைவு மண்டபமும் வாகன நிறுத்தமும் கட்டுவதற்காக, கோட்டை அடிவாரத்து ஒன்பது வீடுகளையும் ஆக்கிரமிப்பு என்று கருதி அகற்ற உத்தேசம். ஆட்சேபம் இருந்தால் விசாரணை நாளில் சொல்லலாம்.

அவள் கோபப்படவில்லை. "ராணி குதிச்ச எடம் மேலதானம்மா? எங்க வூடு கீழ இருக்குது. ராணிக்கு நாங்க இன்னா பண்ணோம்?" என்றாள். பிறகு, "எனக்கும் ராணி பேருதான்னு மருமவகிட்டகூட பெருமையா சொல்லிக்கினு இருந்தன். ராணியே வந்து வூட்ட இடிக்குது" என்று சிரிக்கப் பார்த்தாள்.

என்னால் அந்தச் சிரிப்பைத் தாங்க முடியவில்லை. சொல்லிவிட்டேன். ராணியே கிடையாது, நான் கட்டிய கதை, பெயர் கேட்டபோது நீ கூடையோடு ஏறிக்கொண்டிருந்தாய், அதைச் சொல்லிவிட்டேன், என்னை மன்னித்துவிடு என்றேன்.

அவள் நோட்டீஸை என் கையிலிருந்து வாங்கி நாலாக மடித்துக் கவருக்குள் வைத்தாள். அதுவரை நீங்க என்று பேசிக்கொண்டிருந்தவள் அதை விட்டுவிட்டாள். "எம் பேர எடுத்து ராணிக்கு குடுத்துட்ட. இப்ப எம் வூட்டயும் எடுத்து ராணிக்கே குடுக்கறாங்க. எனக்கு இன்னா மிச்சம், சொல்லு."

பதிலுக்குக்கூட நிற்காமல் அவள் போய்விட்டாள். அந்தக் கவரில் வேறென்ன காகிதம் இருக்கிறது என்று கேட்கக்கூட எனக்கு அன்றைக்குத் தோன்றவில்லை.

முதலாளிக்கு விஷயத்தைச் சொன்னேன். அவர் கெட்டவர் இல்லை, நியாயமாகத்தான் பேசினார். "கதைய கதையா வுடுங்க, எஸ்தர். ஒண்ணு பொய்யின்னு ஒத்துக்கினா மிச்சத்துல எது உண்மைன்னு கேப்பாங்க. அப்புறம் நம்ம நடைக்கு யாரு வருவாங்க? பத்து பேரு பொழப்பு இதுல இருக்குது." என் வீட்டுக்காரரும் அதையேதான் சொன்னார். ஊர்ப் பெரிய மனிதரைப் பகைத்துக்கொண்டு நீ எந்தக் கடைக்குப் போய் அரிசி வாங்குவாய் என்று கேட்டார்.

இப்போது உங்களுக்கு முக்கியமானதைச் சொல்கிறேன். வாயை மூடிக்கொண்டிருப்பதைவிட மோசமான ஒரு யோசனை எனக்கு வந்தது. ராணி குதிக்கும்போது ஒரு சாபம் விட்டாள், கோட்டை அடிவாரத்தில் குடியிருப்பவர்களை விரட்டுகிறவன் குடும்பம் தழைக்காது என்றாள், அப்படி ஒரு ஏட்டில் இருக்கிறது என்று அடுத்த நடையில் அவிழ்த்துவிட்டால் போதும். பத்தே நாளில் ஊர் முழுக்கப் பரவியிருக்கும். நிலக்காரரே மனுவைத் திரும்ப வாங்கியிருப்பார். ஒன்பது வீடும் பிழைக்கும், என் பெயரும் பிழைக்கும். துணி துவைத்துக்கொண்டே அந்தச் சாபத்தை வார்த்தை வார்த்தையாகக் கட்டி முடித்திருந்தேன். நல்ல சாபம். இன்றைக்கும் எனக்கு மனப்பாடம்.

ஏன் விடவில்லை என்றால், நான் திருந்திவிட்டதால் இல்லை. ராணிக்கே ஒரு மண்டபம் கேட்கிறார்கள், நாளைக்கு இந்தச் சாபத்துக்கு என்ன கேட்பார்களோ என்ற பயம். தவிர, செங்கமலம் கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை. சாபத்தை விட்டால் இனி அவள் வீடு என் பொய்யின் தயவில் நிற்கும், அவ்வளவுதான்.

விசாரணை தாலுகா ஆபீஸில் நடந்தது. தாசில்தார் ஒரு பெண், வேலைக்கு வந்து சில மாதங்களே ஆனவர். ஒரு பக்கம் குழு, நடுவில் தலைவரான நிலக்காரர். மறுபக்கம் ஒன்பது வீட்டுக்காரர்கள், யாரும் நாற்காலியில் உட்காரவில்லை. குழு கொண்டுவந்த ஆதாரங்களில் முதலாவது என் பேச்சு. நான் இச்சிமரத்தடியில் நின்று சாவியைப் பற்றிச் சொல்வதை யாரோ படம் பிடித்திருந்தார்கள். அதைத் தாசில்தார் மேசையில் செல்போனில் ஓடவிட்டார்கள். என் குரலை நானே நின்று கேட்டேன். நன்றாகத்தான் சொல்லியிருந்தேன்.

முடிந்ததும் எழுந்தேன். "அது நான்தாங்க. அதுல சொன்னது எல்லாம் பொய்யிங்க. ராணியும் இல்ல, சாவியும் இல்ல. பதினோரு வருசத்துக்கு முன்ன நானே கட்டுன கத. எழுதிக்குங்க."

குழுவில் ஒருவர், "பணம் வாங்கிக்கினு மாத்திப் பேசறாங்க" என்றார். தலைவர் கையமர்த்தினார். மெதுவாகத்தான் பேசினார். "மேடம், இந்தம்மா கிறிஸ்டியன். எங்க ராணிய பத்தி இவங்களுக்கு இன்னா தெரியும்?"

"பெத்தவளுக்குத் தெரியாம வேற யாருக்குங்க தெரியும்?" என்றேன். "உங்க ராணிக்கு வயசு பதினொண்ணு. நான் பெத்து, நான் பேர் வச்சி, நான் பட்டு கட்டி வளத்த பொண்ணு. உங்க கொள்ளுப்பாட்டிக்குப் பாட்டின்னு சொல்றீங்களே, நீங்க எனக்கு பேரன் முறை."

பின்னால் யாரோ சிரித்தார்கள். தாசில்தார் சிரிக்கவில்லை. "நேத்து வரைக்கும் உண்மைன்னு சொன்னீங்க, இன்னிக்கு பொய்ன்னு சொல்றீங்க. நான் எதை நம்பறது? உங்ககிட்ட ஆதாரம் இருக்கா?" என்றார்.

இல்லாத ஒன்றுக்கு எங்கே போய் ஆதாரம் தேடுவது? மேசைக்கு முன்னால் நின்று எவ்வளவு பேசினாலும் அது இன்னொரு கதையாகத்தான் போகும் என்று தெரிந்தது. எனக்குத் தெரிந்த வேலை ஒன்றுதான். "நடந்து பாத்துடலாங்க" என்றேன்.

தாசில்தார் கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு எழுந்து குடையை எடுத்தார்.

இருபது பேருக்கு மேல் இருப்போம். படியேறும்போது நான் ஒரு வார்த்தை பேசவில்லை. என் வாழ்க்கையில் பேசாமல் நடத்திய ஒரே நடை அது. பன்னிரண்டு மணி வெயில், கல்லில் கால் வைக்க முடியவில்லை. தலைவர் இரண்டு முறை நின்று மூச்சு வாங்கினார். கொத்தளத்துக்கு வந்ததும் யாரும் சொல்லாமலே எல்லோரும் இச்சிமரத்தடியில் ஒதுங்கிவிட்டார்கள்.

"மேடம், சுவத்துக்கு அந்தாண்ட எட்டிப் பாருங்க" என்றேன்.

தாசில்தார் எட்டிப் பார்த்தார். சுவரை ஒட்டி இடுப்பளவு ஆழத்தில் அகலமான பாறை. அதில் இரண்டு ஆடுகள் படுத்து அசைபோட்டுக்கொண்டிருந்தன.

"குளம் எங்க?"

"மலைக்கு அந்தப் பக்கங்க. இங்கேர்ந்து தெரியாது. இந்த எடத்துல குதிச்சா முட்டிதான் ஒடையும்."

"அப்புறம் ஏன் இந்த எடத்தை சொன்னீங்க?"

"இங்கதாங்க நெழலு இருக்குது. அதனால இங்க நிறுத்துவேன். நிறுத்துனா ஏதாச்சும் சொல்லணும்."

அவர் திரும்பி அங்கே நின்றவர்களைப் பார்த்தார். குழுவும் வீட்டுக்காரர்களும் ஒருவரை ஒருவர் இடித்துக்கொண்டு அந்தச் சின்ன நிழலுக்குள் நின்றார்கள். பதினொரு வருடமாக ஆயிரம் பேர் அந்த இடத்தில் நின்று அழுதிருக்கிறார்கள், ஒருவருக்கும் சுவருக்கு அப்பால் எட்டிப் பார்க்கத் தோன்றவில்லை. எனக்கு அழுகை வந்தது. வெயில் என்று சொல்லி முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

தலைவர் விடவில்லை. "ராணி இல்லன்னே வச்சிக்குவோம். அந்த வூடுங்க ஆக்கிரமிப்புதான? அது பொய்யா?"

சரியான கேள்வி. தாசில்தாரும் என்னைப் பார்த்தார். இறங்கும் வழியில் அவரைக் கடைத்தெருச் சாவடிக்கு அழைத்துப்போனேன், நான் வெட்டியெறிந்த அந்த நிறுத்தத்துக்கு. கல்லைக் காட்டினேன். அதுவரை பின்னால் வந்துகொண்டிருந்த செங்கமலம் முன்னால் வந்தாள்.

"எங்க மாமனாரோட அப்பா இந்த சண்டைக்கு போனாருங்க. கப்பல்ல போயி திரும்பி வந்துதான் கோட்ட கீழ வூடு கட்டுனாரு. அவரு புள்ளைங்க, பேரனுங்க பிரிஞ்சி பிரிஞ்சி கட்டுனதுதான் ஒம்போது வூடும்."

"கல்லுல பேர் இல்லையேம்மா" என்றார் தாசில்தார்.

"பேர் போடலீங்க. எண்ணிக்கையில இருக்கறாரு."

தாசில்தார் என் பக்கம் திரும்பினார். "இது உங்களுக்குத் தெரியுமா? உண்மையா?"

பிள்ளைகளே, அந்த நேரத்தில் உங்களை என் நிலையில் வைத்துப் பாருங்கள். ஆமாம் என்று ஒரே ஒரு சொல். ஒன்பது வீட்டுக்காரர்களும் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சொல்லியிருந்தால் தப்பே இல்லை, உண்மையாகத்தான் இருக்கும் என்று என் மனசு சொன்னது. ஆனால் காலையில்தான் நான் பொய்க்காரி என்று எழுதிக்கொள்ளச் சொல்லியிருந்தேன். நான் ஆமாம் என்றால் செங்கமலத்தின் மாமனார் அப்பாவும் என் ராணியோடு சேர்ந்துவிடுவார்.

"தெரியாதுங்க" என்றேன். "கல்லு உண்மை. மத்தது எனக்குத் தெரியாது."

செங்கமலம் என்னைப் பார்த்த பார்வையை எழுத முடியாது. தலைவர் லேசாகச் சிரித்தார். தாசில்தார் அவளிடம், "கைடு சொன்னா நான் நம்பறதா இல்லம்மா. காகிதம் ஏதாவது இருக்கா? பழசு, கிழிஞ்சது, எதுவா இருந்தாலும் பரவாயில்ல" என்று கேட்டார்.

அவள் பிளாஸ்டிக் கவரைத் திறந்து, ரேஷன் கார்டுக்கு அடியிலிருந்து, மடிப்பு மடிப்பாக இற்றுப்போன ஒன்றை எடுத்தாள். "இங்கிலீசுல இருக்குது. சாமி படத்துக்குப் பின்னால வச்சிருந்தோம். இன்னான்னு தெரியாது." பட்டாளத்திலிருந்து திரும்பிய சிப்பாய்க்குக் கோட்டை அடிவாரத்தில் வீட்டுமனை கொடுத்த உத்தரவு அது. தாசில்தார் கல்லுக்குப் பக்கத்திலேயே நின்று அதை இரண்டு முறை படித்தார். இரண்டாவது முறை சத்தமாகப் படித்தார், தமிழில் சொல்லிச் சொல்லி. சிப்பாயின் பெயர் வந்தபோது வீட்டுக்காரர்களில் ஒரு கிழவர் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

வீடுகள் தப்பின. சொன்னால் நம்புவீர்களோ, ராணியும் தப்பித்துவிட்டாள். பலகையை யாரும் எடுக்கவில்லை, மஞ்சள் துணி கூடித்தான் இருக்கிறது. மறுநாள் முதலாளி என் பேட்ஜைக் கேட்டு வாங்கிக்கொண்டார். கழற்றி அவர் மேசையில் வைத்துவிட்டு, பேட்ஜ் இல்லாமல் கடைத்தெருவில் அந்தக் கல்லுக்கு முன்னால் போய் நின்றேன். கால் வலுவிழக்கும்வரை கோட்டை நடையை அப்படித்தான் நடத்தினேன். தெரிந்ததைச் சொன்னேன், மற்றதற்குத் தெரியாது என்றேன். கூட்டம் குறைந்தது உண்மைதான். குறைந்தால் என்ன?

முதல் நாள் நாலே பேர் வந்தார்கள், நைனார்பாளையத்து டீச்சர்கள். இச்சிமரத்தடியில் ஒருவர், "ராணி இங்கதான குதிச்சாங்க?" என்று ஆசையாகக் கேட்டார். நான் பதில் சொல்ல வாயைத் திறப்பதற்குள், பின்னால் ஏறி வந்த செங்கமலம் கூடையை நடுவில் இறக்கிவைத்தாள். என்னை அவள் ஏறெடுத்தும் பார்க்கவில்லை. ஒரு வெள்ளரியை எடுத்துக் கீறிக்கொண்டே டீச்சரிடம் சொன்னாள்:

"ராணி கீணி யாரும் இல்லம்மா, அது இந்தம்மா வுட்ட கத. செங்கமலம்னா நான்தான். நான் எங்கயும் குதிக்கல. கீழ பாருங்க, நீலக் கதவு போட்ட வூடு. அங்கதான் இருக்கறன்."